டத்தோ மூச்சு விட்ட மணி

மணி அடிக்கவில்லை. புது வெண்கல மணி, இருநூறு கிலோ, கோயில் வாசலில் தொங்குகிறது. கயிற்றை இழுத்தால் நாக்கு ஆடுகிறது. மணியின் விளிம்பில் படுவதற்கு ஒரு விரல் தூரம் இருக்கும்போது நின்றுகொள்கிறது. வார்த்தது நான்.

மூச்சுக் கொல்லர் தொழிலில் உலோகம் தப்பே செய்யாது. வேலையைப் பார்க்க வந்து நிற்கிறவர்கள்தான் செய்வார்கள். தையல் கடையோ, கார் வொர்க்‌ஷாப்போ, சாப்பாட்டுக் கடையோ, எதையாவது நடத்துகிறவராக இருந்தால் இது உங்களுக்கும் தெரியும். நம் தலைமுடி வேலையால் நரைக்கவில்லை. இவர்களால் நரைத்தது.

பூட்டுக்கு ஒரு மாமியார்

எங்கள் வேலை என்னவென்று தெரியாதவர்களுக்கு ஒரு முறை சொல்கிறேன். இரும்போ வெண்கலமோ, உலையிலிருந்து எடுத்ததும் சிவப்பாக இருக்கும். அந்தச் சிவப்பு மங்கிப் பழுப்பாகிறதற்கு ஒரு கிளாஸ் தே தாரிக், நுரை பொங்க ஆற்றின டீ, குடிக்கிற நேரம் ஆகும். அந்த நேரத்துக்குள் யாருடைய மூச்சு அதன்மேல் படுகிறதோ, அவருடைய பழக்கம் உள்ளே ஏறிவிடும். வாயால் சொல்வது ஏறாது. மந்திரம், தேவாரம், திட்டு எதுவும் ஏறாது. ஆள் எப்படியோ அதுதான் ஏறும். ஓர் உலோகத்துக்கு இரண்டு மூச்சுத்தான். முதல் மூச்சு சரியில்லை என்றால் மறுசூடு போட்டு வேறு ஒருவர் மூச்சை ஏற்றலாம், பழையது அழிந்துவிடும். மூன்றாம் முறை சூடு காட்டினால் ஊறின பிஸ்கட் மாதிரி உதிர்ந்துவிடும். அள்ளிக் குப்பையில் போட வேண்டியதுதான்.

ஆகவே சரியான ஆளைப் பிடிப்பதுதான் தொழில். கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸில் சேலைக் கடை வைத்திருக்கும் ஓர் அம்மாள் பூட்டு கேட்டார். பூட்டுக்குச் சந்தேகப் புத்தி உள்ளவர் வேண்டும் என்றேன். யோசிக்கவே இல்லை, பெற்ற தாயை அழைத்து வந்துவிட்டார். வேலை கச்சிதமாக முடிந்தது. ஒரு மாதம் கழித்து அவருடைய கணவர் மட்டும் தனியாக வந்து பட்டறை வாசலில் நின்றார். பார்க்கப் பாவமாக இருந்தது. “அங்கிள், பூட்டு நல்ல பூட்டுதான். ஆனா நான் சாவி போட்டா மட்டும் முதல்ல என் வாய மோந்து பாக்குது.”

ரவாங் லோரி

ரவாங்கிலிருந்து லோரி முதலாளி ஒருவர் பிரேக் செய்யக் கேட்டார். பிரேக்குக்குக் கொஞ்சம் பயந்த ஆள் வேண்டும். கொஞ்சம் என்று இரண்டு தரம் சொன்னேன். தன் மைத்துனரைக் கொண்டுவந்தார். அந்த மனிதர் பட்டறைக்குள் வருவதற்கே வாசலில் கால் மணி நேரம் யோசித்தார். வேண்டாம் என்றேன். சொந்தக்காரன் செய்தால்தான் நம்பிக்கை என்றார் முதலாளி. நம் ஆட்களுக்கு எதிலும் சொந்தக்காரன் வேண்டும். செய்து கொடுத்தேன்.

இரண்டே வாரத்தில் லோரியோடு வந்துவிட்டார். கிள்ளானில் என் பட்டறைக்கு வர முக்கால் நாள் ஆயிற்றாம். “அண்ணே, பச்ச லைட்லயும் நிக்குது. பின்னால எவனாச்சும் ஹோன் அடிச்சா, ஓரமாப் போயி ஒதுங்கி நின்னு அவன முதல்ல போகச் சொல்லுது.”

பொன்னாடை

இனி மணி.

கிள்ளானில் எங்கள் தாமான் குடியிருப்பின் அம்மன் கோயிலுக்குக் கும்பாபிஷேகம் வந்தது. வீட்டுக்கு ஒரு பாத்திரம் கொடுங்கள், உருக்கி மணி வார்ப்போம் என்று முடிவானது. குத்துவிளக்கு, செம்பு, தாம்பாளம் என்று மூட்டை மூட்டையாக வந்து சேர்ந்தது. கையுறைத் தொழிற்சாலையில் வேலை செய்கிற சரஸ்வதி, செத்துப்போன கணவர் வேலைக்கு எடுத்துப் போன பித்தளைத் தூக்குச்சட்டியைக் கொடுத்தார். அதைத் தவிர அந்த மனிதருடைய சாமான் வீட்டில் வேறு இல்லையாம். இப்படி ஊரே உள்ளே போன மணி அது.

பேச்சு என்னவென்றால், உலோகம் என் பொறுப்பு, மூச்சு விட ஆள் கோயில் கமிட்டியின் பொறுப்பு. யார் இழுத்தாலும் அடிக்க வேண்டும், அதற்குத் தகுந்த ஒரே ஓர் ஆளைக் கொண்டுவாருங்கள் என்றேன். மூன்று கூட்டம் போட்டார்கள். ஆள் யார் என்று முடிவாகவில்லை. ஆகவே எல்லாரும் வந்துவிட்டார்கள். பதினான்கு பேர், ஒரு பேனர், ஒரு புகைப்படக்காரர், கையில் பிடிக்கிற மைக். சுல்தானிடம் பட்டம் வாங்கிய தலைவர் டத்தோ குணாளன் முன்னால் நின்றார். சோங் மணியைச் சங்கிலிக் கப்பியால் உலைக்குழியிலிருந்து தூக்கினான். சோங் என் கூட்டாளி, முப்பது வருஷமாக உலை அவன் பொறுப்பு. தோட்டத் தொழிலாளர் லயத்துக்குப் பக்கத்தில் வளர்ந்த சீனன். தமிழ் என்னைவிட வேகமாகப் பேசுவான்.

மணி செக்கச் சிவப்பாக நின்றது. தள்ளி நில்லுங்கள் என்று சொல்ல வாயைத் திறந்தேன். யாரோ பொன்னாடை போர்த்த வந்தார். குனிந்தேன். அதுதான் நான் செய்த தப்பு. நாற்பது வருஷத் தொழிலில் எவனுக்கும் குனியாதவன், ஜரிகைத் துண்டைப் பார்த்ததும் குனிந்துவிட்டேன். துண்டு தலையோடு மூடிக்கொண்டது. புகைப்படக்காரர், “அப்படியே இருங்க, இன்னொரு ஷாட்” என்றார். அப்படியே இருந்தேன். துண்டுக்கு வெளியே டத்தோவின் குரல் கேட்டது. மேடையில் இருப்பவர்களை விளித்து முடித்து, மேடையே இல்லை என்பதைக் கவனித்து, கீழே இருப்பவர்களை விளிக்கத் தொடங்கியிருந்தார். நான் துண்டை உருவிப் போட்டபோது அவர் வாய்க்கும் மணிக்கும் நடுவில் ஒரு முழம்கூட இல்லை. மணி பழுப்பாகிவிட்டிருந்தது. சோங் குறடைக் கீழே வைத்தான். “பாஸ், அவரு ‘கடைசியாக’ன்னு மூணு தடவ சொன்னாரு லா. மூணாவது கடைசிக்குள்ள இது ஆறிப் போச்சு.”

கயிற்றைப் பிடித்த சரஸ்வதி

ஏறியிருக்காது என்று என்னையே ஏமாற்றிக்கொண்டு மணியைத் தொங்கவிட்டேன். கும்பாபிஷேகத்துக்கு இன்னும் பதினாறு நாள். வெள்ளோட்டம் பார்க்கத் தாமான் ஆட்கள் வரிசையில் நின்றார்கள். பாத்திரம் கொடுத்தவர்கள் ஆளுக்கு ஒரு முறை இழுக்கலாம் என்று ஏற்பாடு. முதல் ஆள் இழுத்தார். சத்தமில்லை. பழுதான கயிறு என்றார்கள். இரண்டாவது ஆள் இழுத்தார். எண்ணெய் விடச் சொன்னார்கள். ஐந்தாவது ஆளுக்குப் பிறகு வரிசையே என் பக்கம் திரும்பியது.

சரஸ்வதி தொழிற்சாலைச் சீருடையோடு வந்திருந்தார். ஷிப்டுக்குப் போகிற வழி. கயிற்றை இரண்டு கையாலும் பிடித்து இழுத்தார். நாக்கு ஆடியது, ஒரு விரல் தள்ளி நின்றது. மறுபடி இழுத்தார். மறுபடி நின்றது. என்னிடம் வந்தார். கத்தியிருந்தால் பதிலுக்குக் கத்தியிருப்பேன். கத்தவில்லை. “அங்கிள், எங்க வீட்டுக்காரர் தூக்குச்சட்டி இதுக்குள்ளதான இருக்கு? எனக்கே அடிக்க மாட்டேங்குதே.”

மரியாதை தெரிந்த மணி

அன்று மாலையே காரணம் தெரிந்துவிட்டது. பக்கத்துத் திடலில் ஏதோ பரிசளிப்பு. அதற்கு வந்த ஒய்பி, சட்டமன்ற உறுப்பினர் ஒருவர், வழியில் கோயிலைப் பார்த்துக் காரை நிறுத்தி இறங்கினார். கயிற்றைத் தொடவில்லை. இன்னும் செருப்பைக்கூடக் கழற்றவில்லை. மணி தானாக அடித்தது. அவர் நடக்க நடக்க அடித்தது. அவர் சாமி கும்பிடக் கண்ணை மூடினார், மணி நின்றது. உதவியாளர் படம் எடுக்கக் கைப்பேசியைத் தூக்கினார், மணி மறுபடி தொடங்கியது. கார் கதவு சாத்துகிற வரைக்கும் விடவில்லை. கார் போன பிறகு தோட்டி வேலை செய்கிற ஆறுமுகம் இழுத்துப் பார்த்தார். ஒரு முனகல்கூட இல்லை.

மறுநாள் கமிட்டியைக் கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னேன். இன்னும் ஒரு மூச்சு பாக்கி இருக்கிறது, அதையும் விட்டால் ஊர் கொடுத்த பாத்திரம் எல்லாம் மண் என்றேன். செயலாளர் தலையைச் சொறிந்தார். குருக்கள் மணியைப் பார்த்தார். டத்தோ மட்டும் மார்பை நிமிர்த்தினார். “என்ன குறைங்க இதுல? மரியாதை தெரிஞ்ச மணி!”

இரண்டாம் யோசனை

மரியாதை தெரிந்த மணியைச் சரஸ்வதி இழுக்க வேண்டாமா என்று கேட்டேன். டத்தோ கொஞ்சம் யோசித்தார். யோசிக்கத் தெரிந்தவர்தான், வேறு யாரும் பேசாமல் இருந்தால். சரி, மாற்றிவிடுவோம் என்று ஒத்துக்கொண்டார். மறுசூடு போட்ட மணி ஆறி நிலைக்க ஐந்து நாள் வேண்டும். ஆகவே ஆளைக் கண்டுபிடிக்கப் பத்து நாள்தான் இருக்கிறது, இந்த முறை ஆளை நான் பார்த்துச் சொல்கிறேன் என்றேன். மிச்ச வெண்கலத்தில் கைமணிகள் வார்த்து, ஒவ்வொருவர் மூச்சையும் சின்ன மணியில் சோதித்து, பிறகு பெரிய மணிக்கு வருவோம் என்று திட்டம். எல்லாரும் தலையாட்டினார்கள். நான் எழுந்தேன். டத்தோ என் தோளைப் பிடித்துத் தனியாக அழைத்துப் போனார். “எதுக்கு இவ்வளவு சிரமம்? நானே மறுபடி வரேன். இந்தத் தடவ சுருக்கமா மூச்சு விடறேன்.”

நாளைக்கு வரச் சொல்லும் மணி

முதல் கைமணி செயலாளர் தில்லைநாதனுக்கு. அரசாங்க அலுவலகத்தில் முப்பத்தைந்து வருஷம் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவர். ஒழுங்கான மனிதர். சட்டைப் பையில் மூன்று பேனா. மணியின் முன்னால் நின்று அளவாக மூச்சு விட்டார்.

ஆறியதும் ஆட்டினேன். ஒன்றும் இல்லை. கெட்டுப்போய்விட்டது என்று ஒதுக்கி வைத்தேன். மறுநாள் காலை ஒன்பது மணிக்குத் தொட்டேன். நேற்று ஆட்டியதற்கு அப்போது அடித்தது, ஒரே ஒரு தரம். மத்தியானம் ஒன்றிலிருந்து இரண்டு வரைக்கும் எதற்கும் அசையவில்லை. வெள்ளிக்கிழமை, தொழுகை இடைவேளை என்று, இன்னும் கூடுதல் நேரம். இதைத் தில்லைநாதனிடம் சொன்னேன். அவருக்குக் கோபம் வந்துவிட்டது. “வேல செய்யலன்னு எப்படிச் சொல்லலாம்? நாளைக்கு வரச் சொல்லுது, அவ்வளவுதான்!”

அவசர மணி

இரண்டாவது குருக்கள். சாமிக்குப் பக்கத்தில் இருப்பவர், இவர் மூச்சுத்தான் பொருத்தம் என்று நானே நினைத்தேன். நல்லவர்தான். ஆனால் கிள்ளானில் வீடு கட்டுகிறவர்கள் அதிகம், குருக்கள்மார் குறைவு. மூச்சு விடும்போதே கடிகாரத்தைப் பார்த்தார்.

மணி அடித்தது. யார் தொட்டாலும் அடித்தது. பரவாயில்லையே என்று சோங்கைப் பார்த்தேன். இரண்டாம் முறை ஆட்டினேன். இந்த முறை முதல் முறையைவிட வேகம். மூன்றாம் முறை ஆரம்பிப்பதற்குள் முடித்துவிட்டது. மேசையில் வைத்தேன். வாசல் பக்கமாக நகர்ந்தது. எடுத்து மறுபடி நடுவில் வைத்தேன். மறுபடி நகர்ந்து, விளிம்புக்கு வந்து, விழுந்து, படியில் உருண்டு போயிற்று. குருக்கள் அதன் பின்னாலேயே மோட்டார் சைக்கிளை நோக்கி நடந்தார். “அது போற பக்கம்தான் எனக்கும் வேல இருக்கு. பண்டமாரான்ல ஒரு கிரகப்பிரவேசம், ஏற்கெனவே லேட்டு!”

இளைஞர் பிரிவு

மூன்றாவது இளைஞர் பிரிவுத் தலைவர். வயது ஐம்பத்து நாலு. கறுப்புக் கண்ணாடியைக் கழற்றாமல் மூச்சு விட்டார். அந்த மணி ஆடியதைப் போல ஒரு மணி ஆடி நான் பார்த்ததில்லை. இடது, வலது, ஒரு சுற்று, நின்று ஒரு திரும்பல். சத்தம் மட்டும் இல்லை. உள்ளே பார்த்தேன், நாக்கு மேலே ஒட்டிக்கொண்டிருந்தது. அவர் அதைக் கைப்பேசியில் வீடியோ எடுத்து அங்கேயே நாலு பேருக்கு அனுப்பிவிட்டார். “அங்கிள், சத்தத்த பொறவு போட்டுக்கலாம். லுக் எப்படி?”

என் முறை

ஐந்து நாள் போயிற்று. சோங் கடைசியில் சொன்னான்: நாற்பது வருஷமாக எல்லார் மூச்சையும் எடை போடுகிறாயே, நீயே விட்டுப் பாரேன். எனக்குத் தகுதி இருக்கிறது என்று நானும் நினைத்தேன். நான் பெரியவன் சின்னவன் பார்க்கிற ஆள் இல்லை. எல்லார்மேலும் ஒரே மாதிரிதான் எரிந்து விழுவேன்.

மூச்சு விட்டேன். ஆறியது. சோங் ஆட்டினான். ஒரு தரம் அடித்தது, சுருக்கென்று, சுத்தியலால் தகரத்தைத் தட்டியது போல. பக்கத்து டயர் கடையில் வேலை செய்கிற வங்காளதேசத்துப் பையனைக் கூப்பிட்டு ஆட்டச் சொன்னோம். அவனுக்கும் ஒரு தரம். யாருக்கும் ஒரு தரம். எனக்கு உள்ளுக்குள் கொஞ்சம் பெருமை. சோங் இரண்டாம் முறை ஆட்டினான். மணி அவன் விரலைக் கடித்தது. நகத்தைப் பிடித்துக்கொண்டு குதித்தான். “இது சாமி கும்பிட வரவனப் பாத்து ‘ஒரு தடவ சொன்னா புரியாதா’ன்னு கேக்குது பாஸ். கோயிலுக்கு எவனும் வர மாட்டான்!”

வழியை மறிக்கிற வேன்

பட்டறைச் சந்தின் கடைசியில் ஒரு தமிழ்ப்பள்ளி இருக்கிறது. பள்ளி விடும் நேரத்தில் ஒரு மஞ்சள் வேன் வந்து என் வாசலை மறித்துக்கொண்டு நிற்கும். ஓட்டுகிறவருக்கு வேன் அக்கா என்று பெயர். எனக்கும் அவருக்கும் ஆறு வருஷச் சண்டை. நகர்த்து என்பேன். கடைசிப் பிள்ளை ஏறவில்லை என்பார். தினமும் கடைசிப் பிள்ளை ஒன்று இருக்கும். தினமும் அது நிதானமாகத்தான் வரும்.

அன்று மேசையில் தோற்றுப்போன மணிகள் வரிசையாக இருந்தன. வேன் ஹோன் அடித்தது, இரண்டு குட்டை, ஒரு நெட்டை. எழுந்து வெளியே போனேன், நல்லதாக நாலு வார்த்தை கேட்டுவிடலாம் என்று. வேன் அக்கா கண்ணாடிக்கு வெளியே பாதி உடம்பு தெரியக் கத்திக்கொண்டிருந்தார். “ஹரிஷ்! உன் வேன் அந்தப் பக்கம், ஓடு! ஏய் பவித்ரா, தண்ணி போத்தல விட்டுட்டுப் போற பாரு! டேய், உங்கம்மா இன்னும் வரலையா? வா, வந்து உள்ள உக்காரு, அவங்க வர்ற வரைக்கும் நான் நிக்கிறேன்!” பாதிப் பிள்ளைகள் அவர் வேன் பிள்ளைகளே இல்லை. பின்னால் ஒரு பெரிய கறுப்புக் கார் பொறுமை இழந்து ஹோன் அடித்தது. கோட்டு போட்ட ஒருவர் உள்ளே இருந்தார். வேன் அக்கா திரும்பிப் பார்த்தார். “அண்ணே, சும்மா ஹோன் அடிச்சா ஆவாது. இறங்கி வந்து அந்தப் புள்ளைக்கு ஷூ லேஸ் கட்டி விடுங்க, சீக்கிரம் போயிரலாம்!” கோட்டுக்காரர் இறங்கினார். முட்டி போட்டு லேஸ் கட்டினார். நான் கேட்க வந்த நாலு வார்த்தையும் எனக்கு மறந்துவிட்டது. அப்போது வேன் அக்கா என்னைப் பார்த்தார். “அங்கிள், நீங்களும் சும்மாதான நிக்கிறீங்க? அந்தப் பையத் தூக்கிக் குடுங்க!”

தூக்கிக் கொடுத்தேன்.

கடைசிக் கைமணி

மறுநாள் காலை, பிள்ளைகளை இறக்கிவிட்டுத் திரும்புகிற வழியில் வேன் அக்காவை வரச் சொன்னேன். வேன் எஞ்சினை அணைக்காமலே இறங்கி வந்தார். என்ன செய்ய வேண்டும் என்றார். மூச்சு விட வேண்டும் என்றேன். அது எப்போதும் விட்டுக்கொண்டுதானே இருக்கிறேன் என்றார். மணியைப் பார்த்துக்கூட நிற்கவில்லை. மணிக்கு மேலாக வாசலை எட்டிப் பார்த்து, வேலி ஓரமாக வெயிலில் நின்ற யாரோ ஒரு பிள்ளையை நிழலுக்குப் போகச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.

ஆறியதும் சோங் ஆட்டினான், அடித்தது. கட்டு போட்ட விரலோடு மறுபடி ஆட்டினான், அடித்தது. டயர் கடைப் பையன், தபால்காரர், ஐஸ் லோரி ஓட்டுகிற மலாய்க்காரர், எல்லாருக்கும் ஒரே அடி, ஒரே சத்தம். அலமாரியில் வைத்துவிட்டு உட்கார்ந்தேன். சோங் சாப்பிடப் போயிருந்தான். இரண்டு மணிக்கு வர வேண்டியவன். இரண்டு தாண்டியதும் மணி தானாகவே தொடங்கியது. இரண்டு குட்டை, ஒரு நெட்டை. அவன் வருகிற வரை விடவில்லை. சந்து முனையிலிருந்து ஓடி வந்தான், மிச்சத்தைத் தாப்பாவ் கட்டிய பொட்டலத்தோடு. “பாதிச் சோத்துல எழுந்து வரேன் லா! என் அம்மாகூட இப்படிக் கூப்பிட்டதில்ல!”

மேடை ஒன்று வேண்டும்

ஆள் கிடைத்துவிட்டது என்று கமிட்டியிடம் சொன்னேன். பள்ளி வேன் ஓட்டுகிறவர் என்றேன். உறுப்பினரா என்று கேட்டார் தில்லைநாதன். இல்லை. சந்தா கட்டுகிறாரா? தெரியாது. டத்தோ பெருந்தன்மையாகக் கையை உயர்த்தி, யாராக இருந்தாலும் சரி, ஆனால் நாங்கள் எல்லாரும் பக்கத்தில் நின்று நடத்திவைப்போம் என்றார். இது கடைசி மூச்சு. இன்னொரு முறை இந்தப் பதினான்கு வாயும் மணிக்கு முன்னால் திறந்தால், ஊர்ப் பாத்திரம் அத்தனையும் ஆயுசுக்கும் டத்தோவுக்குத்தான் அடிக்கும். சரஸ்வதியிடம் நான் என்ன சொல்வது? வர வேண்டாம் என்று சொல்லவும் முடியாது. கோயில் மணி, கோயில் கமிட்டி.

சோங்தான் வழி சொன்னான். பட்டறைக்கு வெளியே, தெருப் பக்கம், ஒரு கூடாரம் போட்டோம். நாற்காலி, மேசை, மேசைக்கு வெள்ளைத் துணி, பூ ஜாடி, தரமான ஸ்பீக்கர், நிற்கிற மைக். “மறு மூச்சேற்று விழா” என்று பேனர் கட்டினோம். எதிரே ஐஸ்கிரீம் விற்கிறவரையும், டயர் கடையில் காத்திருந்தவர்களையும் உட்கார வைத்தோம். கமிட்டி வந்தது. மைக்கைப் பார்த்தது. யாரும் ஒரு வார்த்தை சொல்லாமலே வரிசை பிடித்துக்கொண்டார்கள். வரவேற்புரை தில்லைநாதன்.

நானும் சோங்கும் பின்பக்கமாக உள்ளே போய்க் கதவைச் சாத்தினோம். வேன் அக்கா உள்ளே நின்றிருந்தார், கையில் சாவிக்கொத்து. மணி சிவந்து மேலே வந்தது. இந்த முறை எனக்கு யாரும் துண்டு போர்த்தவில்லை. எத்தனை நேரம் நிற்க வேண்டும் என்று கேட்டார். பழுப்பாகும் வரை என்றேன். பதினொன்றரைக்குப் பள்ளி விட்டுவிடும் என்று மணியிடமே சொன்னார். அவர் மூச்சு மட்டும் பட்டது. வெளியே தலைமையுரை தொடங்கி, வளர்ந்து, திரும்பிப் பழைய இடத்துக்கே வந்துகொண்டிருந்தது. மணி பழுப்பானது. கறுத்தது. ஆறியது. வேன் அக்கா பின்வாசலால் போய்விட்டார். மேடைக்குப் போய் முடிந்தது என்று சொல்லலாம் என்று கதவில் கை வைத்தேன். சோங் என் சட்டையைப் பிடித்தான். “மைக்க ஓஃப் பண்ணிடாத பாஸ், பாவம். இன்னும் நன்றியுரை இருக்கு.”

டத்தோ ஓடினார்

கும்பாபிஷேகத்தன்று காலை சரஸ்வதி முதல் ஆளாக வந்துவிட்டார். ஷிப்டு மாற்றிக்கொண்டு வந்தாராம். கயிற்றைப் பிடித்தார். உடனே இழுக்கவில்லை. நான் தூணுக்குப் பின்னால் நின்றேன். இழுத்தார். அடித்தது. தாமான் முழுக்கக் கேட்டது. கயிற்றை விடாமல் அப்படியே நின்று, முழுச் சத்தமும் அடங்கும் வரை மேலே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கயிற்றை அடுத்தவரிடம் கொடுத்தார். அவருக்கும் அடித்தது. ஆறுமுகத்துக்கும் அடித்தது. வரிசையில் ஒருவரையும் விடவில்லை.

நல்ல நேரம் நெருங்கியது. கமிட்டி இன்னும் வரவில்லை. டத்தோ எப்போதும் எல்லாரும் வந்து காத்திருக்கும் நேரம் பார்த்துத்தான் வருவார். மணி தானாகத் தொடங்கியது. இரண்டு குட்டை, ஒரு நெட்டை. நாதஸ்வரக்காரர்கள் ஊதுவதை நிறுத்திவிட்டார்கள். மணி நிறுத்தவில்லை. தெரு முனையில் டத்தோவின் கார் நின்றது. மாலை போட வந்தவர்கள் மறித்துக்கொண்டார்கள். மணி இன்னும் வேகமாகக் கூப்பிட்டது. டத்தோ மாலையைப் பார்த்தார், கோபுரத்தைப் பார்த்தார், பிறகு வேட்டியை மடித்துப் பிடித்துக்கொண்டு ஓடி வந்தார். பின்னால் கமிட்டி ஓடி வந்தது. இளைஞர் பிரிவுத் தலைவர்தான் கடைசி. அவர் கால் வாசல்படியில் பட்டதும் மணி நின்றது. டத்தோ தூணைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினார். வியர்த்துக் கொட்டியது. “என்னய்யா மணி இது? வீட்டுப்பாடம் செய்யாம வந்தவன் மாதிரி நெஞ்சு அடிச்சிக்குது!”

பேர் கேட்டது

கோயில் சுவரில் பேர் பொறித்த கருங்கல் பதித்தார்கள். நின்று படித்தேன். சோங் தனக்கும் படித்துக் காட்டச் சொன்னான். அவனுக்குத் தமிழ் பேசத்தான் வரும். மேலிருந்து கீழ்வரை வாசித்துக் காட்டினேன். வேன் அக்கா பேர் எங்கே என்றான். இல்லை என்றேன். அவருடைய பேர் என்ன என்றான். நான் கல்லை மறுபடி மேலிருந்து படிக்கத் தொடங்கினேன். “ஆறு வருஷமா சண்ட போடற, பேரு தெரியாதா உனக்கு?”

மறுநாள் பள்ளி விடும் நேரத்தில் வெளியே போனேன். வேன் வழக்கம்போல வாசலை மறித்துக்கொண்டு நின்றது. கண்ணாடியைத் தட்டிப் பேர் கேட்டேன். என்னை ஏற இறங்கப் பார்த்தார். “எதுக்கு அங்கிள்? போலீஸ்ல கம்ப்ளைன்ட் குடுக்கவா?” இல்லை என்றேன். சொன்னார். பிறகு கடைசிப் பிள்ளையைக் கூப்பிடத் திரும்பிக்கொண்டார்.

மணியை வழங்கியவர், வார்த்தவர், வாழ்த்தியவர், வாழ்த்தியவரை வரவேற்றவர், வரவேற்றவருக்கு நன்றி சொன்னவர் என்று கல்லில் எல்லாருக்கும் இடம் கிடைத்துவிட்டது, அதை அடிக்க வைத்தவருக்கு மட்டும் கிடைக்கவில்லை என்பதால் இங்கே எழுதி வைக்கிறேன்: தேவகி.